கென் வுட் என்கிற ஜொவான்னி

1966-இல் இத்தாலியும் ஸ்பெயினும் கூட்டாகத் தயாரித்த ‘சூப்பரார்கோ கான்ட்ரோ தியாபோலிகுஸ்’ என்ற படத்தின் நாயகன் ஒரு மல்யுத்த வீரன். உடம்பை ஒட்டிய சிவப்பு உடை, தலையை மூடும் கறுப்பு முகமூடி. காயம் பட்டால் ரத்தம் நொடியில் உறைந்துவிடும். கடுங்குளிர் அவனை ஒன்றும் செய்யாது. மின்சாரத்துக்கு மட்டும் அஞ்சுவான். கோதாவில் தன் கையால் ஒரு போட்டியாளன் இறந்துபோன துக்கத்தில் ஒடுங்கிக் கிடப்பவனை உளவுத்துறை கூப்பிட்டு, தியாபோலிகுஸ் என்ற வில்லனை ஒழித்துவரச் சொல்கிறது. காதலியோடு தனித்திருக்கும் நேரத்திலும் அந்த முகமூடி கழலுவதில்லை. டைட்டில் கார்டில் நாயகனின் பெயர் கென் வுட்.

கென் வுட் அமெரிக்கர் அல்ல. ரோமுக்குத் தெற்கே, 1944-இல் நேச நாட்டுப் படைகள் கரையிறங்கிய அன்ஸியோ என்ற கடற்கரை ஊரில் 1935-இல் பிறந்தவர். இயற்பெயர் ஜொவான்னி சான்ஃபிரீலியா. இந்தப் படத்துக்கு முன் பல ஆண்டுகள் அடுத்தவர்களுக்கு டூப் போட்டவர். காவலனாகவும் படைவீரனாகவும் அடியாளாகவும் திரையில் வந்து அடிவாங்கிப் போனவர். நூறு படங்களைத் தாண்டிய தொழில்வாழ்க்கையில் அவர் நாயகனாக நின்றவை சொற்பம். அவற்றில் பேர் வாங்கியவை இந்தப் படமும் 1968-இல் வந்த இதன் இரண்டாம் பாகமும்தான். இரண்டிலும் முகம் மூடியிருந்தது, பெயரும் சொந்தப் பெயரல்ல.

இதைத் தற்செயல் என்று என்னால் ஒதுக்க முடியவில்லை. 1950-களின் இறுதி முதல் 1980-களின் நடுப்பகுதி வரை இத்தாலிய வெகுஜன சினிமா ஓடிய ஓட்டத்துக்கு உடம்பைக் கொடுத்தவர்கள் சில டஜன் ஸ்டண்ட் கலைஞர்கள். புராணப் படம், கௌபாய் படம், உளவாளிப் படம், போலீஸ் படம், பேய்ப் படம் என்று மோஸ்தர் மாறிக்கொண்டே இருந்தது. இயக்குநர்கள் வந்தார்கள், போனார்கள், நட்சத்திரங்களும் அப்படியே. விழுந்தவர்கள் மட்டும் மாறவில்லை. அந்த சினிமாவின் வரலாற்றை நாயகர்களை வைத்து எழுதினால் அது துண்டு துண்டாக உடைகிறது. இந்த ஆட்களின் வழியே எழுதினால் ஒரே கதையாக ஓடுகிறது. சான்ஃபிரீலியாவை நான் எடுத்துக்கொண்டதற்கு அதுவே காரணம்.

அவர் சினிமாவுக்கு வந்தது 1958-இல், பியெத்ரோ ஃபிரான்சிஷி இயக்கிய ‘ஹெர்குலிஸின் அருஞ்செயல்கள்’ படத்தில். ஹெர்குலிஸாக நடித்தவர் ஸ்டீவ் ரீவ்ஸ். 1947-இல் மிஸ்டர் அமெரிக்கா, 1950-இல் மிஸ்டர் யுனிவர்ஸ். அவருக்கு டூப் சான்ஃபிரீலியா. படத்தின் அமெரிக்க உரிமையை வாங்கிய ஜோசஃப் லெவின், வாங்கிய விலையைப்போலப் பல மடங்கை விளம்பரத்துக்கே கொட்டி 1959-இல் அங்கே வெளியிட்டார். வசூல் குவிந்தது. அடுத்த ஆறேழு ஆண்டுகளில் ரோமின் ஸ்டுடியோக்களிலிருந்து ஹெர்குலிஸ், மாசிஸ்தே, கோலியாத், சாம்சன் என்று நூற்றுக்கும் மேற்பட்ட பலசாலிப் படங்கள் வெளிவந்தன.

இந்த வகைப் படத்தில் டூப் போடுவதற்கென்று ஒரு தனிச் சிக்கல் உண்டு. மற்ற படங்களில் நாயகனுக்குக் கோட்டு, தொப்பி, போர்வை, கவசம் என்று ஏதாவது ஒன்று இருக்கும். உயரமும் நடையும் ஒத்துப்போனால் யாரையும் அதற்குள் நுழைத்துவிடலாம். ஹெர்குலிஸுக்கு இடுப்புத் துணியைத் தவிர ஒன்றுமில்லை. தோள், மார்பு, தொடை எல்லாம் வெளியே தெரியும். பார்வையாளர் டிக்கெட் வாங்குவதே அந்த உடம்பைப் பார்க்கத்தான். ஆகவே டூப்பின் உடம்பும் நட்சத்திரத்தின் உடம்புக்கு இணையாக இருந்தாக வேண்டும். ரீவ்ஸுக்கு டூப் போட ஒரு ஆள் கிடைத்தார் என்றால், ரீவ்ஸ் போன்ற உடற்கட்டு இன்னொருவருக்கும் இருந்தது என்று பொருள். தோளும் மார்பும் ஒத்துப்போன இடத்தில் இருவரையும் பிரித்தது முகம் மட்டுமே. ஒருவர் போஸ்டரில் நின்றார். மற்றவர் தூரத்து ஷாட்டில், கேமராவுக்கு முதுகு காட்டி நின்றார்.

டூப் ஏன் அவசியம் என்பதை 1959-இல் வந்த ‘பொம்பேயின் கடைசி நாட்கள்’ காட்டியது. மாரியோ பொன்னார்ட் தொடங்கி, உடல்நலம் குன்றி விலக, உதவியாளராக இருந்த செர்ஜியோ லியோனி முடித்துக் கொடுத்த படம் அது. படப்பிடிப்பில் ரீவ்ஸ் ஓட்டிய ரதம் மரத்தில் மோதி அவருடைய தோள்மூட்டு விலகியது. அந்தக் காயம் முழுமையாக ஆறவில்லை. 1968-இல் ஒரு கௌபாய் படத்தோடு அவர் நடிப்பை விட்டதற்கு அது முக்கியக் காரணம். தயாரிப்பாளர்களின் கணக்கு இதற்குப் பின் இன்னும் தெளிவானது. நாயகனின் உடம்பு முதலீடு. அதைக் காப்பாற்ற வேறொரு உடம்பைச் செலவழிக்கலாம்.

இந்த ஆட்களெல்லாம் எங்கிருந்து வந்தார்கள்? ஒரு வழி உடற்பயிற்சிக் கூடங்களும் குத்துச்சண்டை மேடைகளும். இன்னொரு வழி சர்க்கஸ். டெல்லாக்குவா சகோதரர்கள் சர்க்கஸ் குடும்பத்துப் பிள்ளைகள். அல்பெர்ட்டோ, ஒட்டாவியானோ, அர்னால்தோ, ரொபெர்த்தோ என்று வீடே ஸ்டண்ட் தொழிலில் இறங்கியது. மூன்றாவது வழி வாள்பயிற்சிக் கூடங்கள். ரோமின் முஸுமேச்சி கிரேக்கோ குடும்பம் 19-ஆம் நூற்றாண்டிலிருந்தே வாள்பயிற்சி சொல்லிக்கொடுத்து வந்தது. அந்தக் குடும்பத்து என்ஸோ பல படங்களுக்குச் சண்டைக்காட்சி அமைத்தவர். இதோடு ஹாலிவுட்டும் சேர்ந்தது. 1937-இல் திறந்த சினெசிட்டா ஸ்டுடியோவுக்கு 1950-களில் அமெரிக்க நிறுவனங்கள் வரிசையாக வந்தன. 1958-இல் அங்கே ‘பென்ஹர்’ எடுத்தபோது ரதப் பந்தயத்துக்கான ஸ்டண்ட் வேலையை மேற்பார்த்தவர் யாகிமா கானட். குதிரையிலிருந்து விழுவதையும் குதிரைகளுக்கு அடியில் புகுந்து வருவதையும் ஒரு கலையாக்கிய அமெரிக்கர் அவர். அந்தப் படத்தில் சிறு வேடத்தில் வந்த ஜூலியானோ ஜெம்மா உடற்பயிற்சியும் சாகசமும் தெரிந்த ரோம் இளைஞர். சில ஆண்டுகளில் அவர் ‘மான்ட்கோமரி வுட்’ என்ற பெயரோடு கௌபாய் நாயகன் ஆனார். கூட்டத்திலிருந்து மேலே ஏறியவர்களில் அவர் ஒருவர். விட்டோரியோ டி சிகாவின் ‘ஃபின்ஸி கொன்டினிகளின் தோட்டம்’ (1970) வரை உயர்ந்த ஃபாபியோ டெஸ்டி இன்னொருவர். அவரும் ஸ்டண்ட் ஆளாகத் தொடங்கியவரே.

மற்றவர்கள் ஏறவில்லை. ஏறாதவர்களுக்கு 1964-இல் வேறொன்று கிடைத்தது. அதுவரை கிட்டாத நெருக்கத்தில், கேமரா அவர்கள் பக்கம் திரும்பியது.

செர்ஜியோ லியோனியின் ‘ஒரு பிடி டாலருக்காக’ அந்த ஆண்டு வந்தது. ஏறத்தாழ இரண்டு லட்சம் டாலர் செலவு. அதில் கிளின்ட் ஈஸ்ட்வுட்டின் சம்பளம் 15,000. லியோனி பாப் ராபர்ட்சன் ஆனார். வில்லனாக நடித்த ஜான் மரியா வொலொன்ட்டே ஜான் வெல்ஸ் ஆனார். இசையமைத்த என்னியோ மோரிக்கோனே டான் சாவியோ ஆனார். இத்தாலியர் எடுத்த கௌபாய் படத்தை இத்தாலிய ரசிகரே மதிக்கமாட்டார் என்ற பயத்தில் வைத்த பெயர்கள் இவை. அந்த டைட்டில் கார்டில் பென்னி ரீவ்ஸ் என்றும் ஒரு பெயர் உண்டு. ரோஹோ கூட்டத்து அடியாள் ரூபியோவாக வந்த பெனிட்டோ ஸ்டெஃபனெல்லி (1928–1999) அவர்.

சான்ஃபிரீலியாவின் கதையோடு சேர்த்து ஸ்டெஃபனெல்லியின் கதையையும் சொல்லியாக வேண்டும். ஒருவர் இல்லாமல் மற்றவரின் தொழில் முழுதாகப் புரியாது. சான்ஃபிரீலியா உடம்பால் வந்தவர். ஸ்டெஃபனெல்லி ஆயுதங்களை அறிந்தவர். துப்பாக்கிகளைக் கையாளவும் சண்டையை அமைக்கவும் தெரிந்த ஸ்டண்ட் மாஸ்டர். லியோனிக்கு ஆங்கிலம் வராது, ஈஸ்ட்வுட்டுக்கு இத்தாலியன் வராது. படப்பிடிப்பில் இருவருக்கும் நடுவில் நின்று மொழிபெயர்த்தவர்களில் ஸ்டெஃபனெல்லியும் ஒருவர். அந்தக் கட்டத்தைக் கொஞ்சம் எண்ணிப் பார்க்க வேண்டும். இயக்குநர் நினைப்பதை நாயகனுக்குச் சொல்பவரும், ஆட்கள் எங்கே எப்படி விழ வேண்டும் என்று அமைப்பவரும், பிறகு போய் எதிரே நின்று சுடப்பட்டு விழுபவரும் ஒரே மனிதர். கடைசித் தெருச் சண்டையில் வில்லன் ரமோனின் கையிலிருந்து துப்பாக்கியைத் தட்டிவிட்டு, பக்கத்தில் நிற்பவர்களை ஈஸ்ட்வுட் சுட்டு வீழ்த்துகிறார் அல்லவா, அப்படி விழுபவர்களில் ரூபியோவும் உண்டு.

அந்த விழுகையின் அருமை புரிய ஒரு தொழில் விவரம் தெரிய வேண்டும். ஹாலிவுட் தணிக்கை மரபில் சுடுகிற துப்பாக்கியையும் சுடப்படுகிறவரையும் ஒரே ஷாட்டில் காட்டக்கூடாது. முதலில் துப்பாக்கி, வெட்டினால் விழுகிற ஆள் என்றே எடுப்பார்கள். லியோனிக்கு இந்த விதி தெரியாது என்றும், தெரியாததால் இரண்டையும் ஒன்றாக எடுத்தார் என்றும் ஈஸ்ட்வுட் பின்னாளில் சொல்லியிருக்கிறார். வெட்டி ஒட்டும்போது எடிட்டர் நேரத்தைச் சரிசெய்துகொள்ள முடியும். ஒரே ஷாட்டில் அது நடக்காது. வெடி வெடித்த கணத்துக்கும் உடம்பு துள்ளும் கணத்துக்கும் நடுவில் கண்ணுக்குத் தெரியாத அளவு இடைவெளியே இருக்கலாம். முன்னால் விழுந்தால் பொய். பின்னால் விழுந்தாலும் பொய். உடையில் சின்ன வெடி வைத்து ரத்தம் பீறிட வைக்கும் முறை இந்தப் படங்களில் பரவலாக இல்லை. குண்டு பட்டது என்பதற்குத் திரையில் இருக்கும் ஒரே சாட்சி அந்த மனிதர் விழுகிற விதம்தான். சுட்டவரின் வேகத்தைப் பார்வையாளர் நம்பினார் என்றால், அந்த நம்பிக்கையை உண்டாக்கியவர் விழுந்தவர். ஈஸ்ட்வுட்டின் புகழில் ஒரு பங்கு ஸ்டெஃபனெல்லிக்கும் அவர் ஆட்களுக்கும் போய்ச் சேர வேண்டும் என்பதை நான் மிகைக்காகச் சொல்லவில்லை. அந்தக் காட்சி வேலை செய்யும் முறையே அது.

லியோனி கொண்டுவந்த இன்னொன்று முகங்கள். அவர் பயன்படுத்திய டெக்னிஸ்கோப் முறை படச்சுருளைப் பாதியாக மிச்சப்படுத்தி அகலத் திரைக்கான படத்தைக் கொடுத்தது. அந்த அகலத்தில் நாயகனின் கண்ணை மட்டும் நிரப்பாமல், அடியாட்களின் தாடியையும் வியர்வையையும் உடைந்த மூக்கையும் நிரப்பினார். அழகான துணை நடிகர்கள் அதற்கு உதவமாட்டார்கள். வெயிலில் காய்ந்த, அடிபட்டுத் தழும்பேறிய முகம் தேவை. அப்படிப்பட்ட முகம் ஸ்டண்ட் ஆட்களிடம் தாராளமாக இருந்தது. ‘ஒரு பிடி டாலருக்காக’ தொடங்கிவைத்த லியோனியின் டாலர் படங்கள் மூன்றிலும் ஸ்டெஃபனெல்லி வருகிறார். ஒவ்வொன்றிலும் வேறு அடியாள். ‘ஒரு காலத்தில் மேற்கில்’ படத்திலும் இருக்கிறார்.

இன்னொரு ஸ்டண்ட் கலைஞரான ரோமானோ புப்போவின் நிலை இன்னும் வியப்பானது. அவர் அமெரிக்க நடிகர் லீ வான் கிளீஃபின் டூப். வான் கிளீஃபுக்கு 1950-களின் கடைசியில் நடந்த கார் விபத்தில் முழங்கால் கெட்டுப்போயிருந்தது. குதிரையில் ஏறி இறங்குவதே சிரமம். கடினமான சவாரியும் சண்டையும் வந்தால் புப்போ போவார். ‘நல்லவன், கெட்டவன், அவலட்சணமானவன்’ (1966) படத்தில் வான் கிளீஃப் நடித்த கொடியவனின் கூட்டத்து ஆட்களில் ஒருவராகவும் அதே புப்போ வருகிறார். குண்டு துளைத்த ஊரின் தெருவில் ஈஸ்ட்வுட்டும் ஈலை வாலக்கும் நடந்து போய் அந்தக் கூட்டத்தை ஒவ்வொருவராகச் சுட்டு வீழ்த்தும் காட்சியில் ஸ்டெஃபனெல்லியும் உண்டு, புப்போவும் உண்டு. தலைவனின் உடம்பும் அடியாளின் உடம்பும் ஒரே சம்பளப் பட்டியலில் ஒரே பெயருக்கு நேரே இருந்த சினிமா அது.

ஸ்டெஃபனெல்லிக்கு ஒரே ஒரு முறை அடியாள் கூட்டத்துக்கு வெளியே, தனக்கென்று ஒரு காட்சி முழுதாகக் கிடைத்தது. டோனினோ வலேரி இயக்கிய ‘கோபத்தின் நாட்கள்’ (1967) படத்தில் அவர் வான் கிளீஃபை ஒற்றைக்கு ஒற்றை சண்டைக்கு அழைக்கும் ஓவன். வழக்கமான இடுப்புத் துப்பாக்கி இங்கே இல்லை. குழல் வாய்வழியே மருந்து திணிக்கும் பழங்காலத் துப்பாக்கி. அதுவும் காலியாகத்தான் கொடுக்கப்படும். மைதானத்தின் இரு முனைகளிலிருந்தும் இருவரும் குதிரையைப் பாயவிட வேண்டும். பாய்ச்சலிலேயே மருந்தைக் கொட்டி, குண்டைப் போட்டு, கம்பியால் இடித்து இறுக்கி, கம்பியை உருவி எடுத்துக் குறிபார்க்க வேண்டும். இரண்டு கையும் துப்பாக்கியில். கடிவாளம் தளர்ந்து கிடக்கிறது. குதிரையை நடத்துவது தொடைகள் மட்டுமே. எதிரி முந்திவிட்டால் தன் துப்பாக்கி வெறும் தடி. பார்க்கிறவர் கண் குதிரைக்கும் கைக்குமாக அலைபாய்கிறது. கம்பி குழலுக்குள் இறங்கும் ஒவ்வொரு இடியும் ஒரு நொடியைத் தின்பதை உணர முடிகிறது. பேச்சில்லாமல் ஒரு மனிதரின் முழுத் திறமையையும் காட்டுகிற காட்சிகள் இந்த வகைப் படங்களில் எத்தனையோ இருக்கின்றன. எனக்கு அவற்றில் முதலாவது இது. கதைப்படி ஓவன் தோற்க வேண்டும், தோற்கிறான்.

சான்ஃபிரீலியாவுக்கு வருகிறேன். பலசாலிப் படங்களின் அலை 1964-65-இல் ஓய்ந்தது. வெற்று மார்புக்கு இருந்த மதிப்பு இறங்கியது. கௌபாய் படத்தில் எல்லோருக்கும் மேலே தூசிபடிந்த துணி. உடற்கட்டை நம்பி வந்த அமெரிக்கப் பயில்வான்கள் பலர் ஊர் திரும்பினார்கள். உள்ளூர் டூப்புகளுக்கு அப்படிப் போக ஓர் ஊர் இல்லை. அவர்கள் குதிரைக்கு மாறினார்கள். கூரையிலிருந்து விழக் கற்றார்கள். காற்றடைத்த மெத்தைகள் பரவலாவதற்கு முந்தைய காலம் அது. அட்டைப் பெட்டிகளை அடுக்கி மேலே மெத்தை போட்டு அதில் விழுவார்கள்; பெட்டிகள் நசுங்கும்போது வேகத்தை வாங்கிக்கொள்ளும். குதிரையோடு சாய வேண்டிய இடத்தில் தரையைக் கொத்தி மண்ணைப் பொலபொலவென்று ஆக்குவார்கள். வெடிகுண்டு வெடித்து ஆள் பறக்கும் ஷாட்டுக்குக் கேமராவில் படாதபடி சின்ன டிராம்போலின். 1960-களின் கடைசி ஆண்டுகளில் வந்த இத்தாலியக் கௌபாய் படங்களில் மனிதர்கள் அவ்வளவு உயரம் எழும்பி, காற்றில் கரணமடித்து விழுவதற்குக் காரணம் இந்த சர்க்கஸ் வித்தைதான்.

இந்த மாற்றத்தின் நடுவில்தான் சூப்பரார்கோ வருகிறது. மெக்ஸிகோவின் முகமூடி மல்யுத்தப் படங்களும், ஜேம்ஸ் பாண்ட் மோகமும், இத்தாலியக் காமிக்ஸும் கலந்த கலவை. தயாரிப்பாளர் பக்கமிருந்து யோசித்தால் சான்ஃபிரீலியா அதற்கு வாய்த்த ஆள். நாயகனின் உடம்பு இருக்கிறது. சண்டைக்குத் தனி டூப் வேண்டாம். சம்பளம் நட்சத்திரச் சம்பளம் இல்லை. குறை என்று ஒன்று சொன்னால், அந்த முகத்தை யாருக்கும் தெரியாது. முகமூடி அந்தக் குறையையும் தீர்த்தது. ஹெர்குலிஸ் காலத்தில் முகம் தெரியக்கூடாது என்பதற்காகக் கேமராவைத் தூரத்தில் வைத்தார்கள். இங்கே கேமரா பக்கத்தில் வரலாம், ஏனென்றால் மறைக்கும் வேலையைத் துணி செய்கிறது. எட்டு ஆண்டு டூப் வேலையும் இந்த நாயக வேடமும் ஒரே தர்க்கத்தில் நடந்தவை என்று நான் கருதுவது இதனால்தான்.

இன்னொரு அடுக்கும் உண்டு: குரல். அந்தக் கால இத்தாலிய சினிமாவில் படப்பிடிப்பின்போது ஒலி பதிவது அரிது. பல நாட்டு நடிகர்கள் அவரவர் மொழியில் வசனம் பேசுவார்கள். பிறகு ஸ்டுடியோவில் டப்பிங் கலைஞர்கள் எல்லாவற்றையும் புதிதாகப் பேசுவார்கள். பெரிய நட்சத்திரத்துக்கே வேறு குரல் என்றால் அடியாளுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஆக இந்தக் கலைஞர்களில் ஒருவரை எடுத்துக்கொண்டால், ஒரு படத்தில் அவர் உடம்பு மட்டும் இருக்கும், இன்னொன்றில் முகமும் இருக்கும், குரல் அநேகமாக எதிலும் இருக்காது.

என்ஸோ காஸ்டெல்லாரி அந்த உடம்புகளின் மதிப்பை நன்றாக அறிந்த இயக்குநர். குத்துச்சண்டை வீரராக இருந்து இயக்குநரான மாரினோ ஜிரோலாமியின் மகன். தானும் கையுறை மாட்டியவர். அவருடைய ‘எல்லோரையும் கொன்றுவிட்டுத் தனியாகத் திரும்பி வா’ (1968) அமெரிக்க உள்நாட்டுப் போர்க்காலக் கதை. வடக்குப் படையின் தங்கத்தைக் கொள்ளையடிக்க ஒரு குழு போகிறது. காரியம் முடிந்ததும் குழுவையே தீர்த்துவிட வேண்டும் என்று தலைவனுக்கு ரகசிய உத்தரவு. தலைவன், ஆறடிக்கு மேல் வளர்ந்த அமெரிக்க நடிகர் சக் கானர்ஸ். குழுவில் கத்தி வீசுகிறவனாகக் கென் வுட் என்ற பெயரில் சான்ஃபிரீலியா. இளையவனாக அல்பெர்ட்டோ டெல்லாக்குவா. பலசாலியாக மல்யுத்த வீரர் ஹெர்குலிஸ் கோர்ட்டெஸ். வழக்கமாக நாயகனுக்குப் பின்னால் நிற்கிற ஆட்களை வரிசையாக முன்னால் நிறுத்தி, அவர்களுடைய தொழிலையே கதாபாத்திரமாக்கிய படம். வசனம் குறைவு, தாவுவதும் ஏறுவதும் உருள்வதுமாக நகர்கிறது. விமர்சகர்கள் இதை இரண்டாந்தரப் படம் என்று தள்ளினார்கள். கதையை வைத்துப் பார்த்தால் அவர்கள் சொன்னது சரி. ஸ்டண்ட் கலைஞர் தன் முகத்தோடும் தன் திறமையோடும் ஒரே நேரத்தில் திரையில் இருக்கிற படங்களைத் தேடுகிறவருக்கு இது முதல் வரிசையில் நிற்கும்.

1970-இல் என்ஸோ பார்போனி இயக்கிய ‘என்னை ட்ரினிட்டி என்பார்கள்’ இந்தத் தொழிலை இன்னொரு முறை புரட்டிப் போட்டது. டெரன்ஸ் ஹில், பட் ஸ்பென்சர் இருவரும் சுடுவதைவிட அறைவதையே விரும்பினார்கள். பட் ஸ்பென்சரின் இயற்பெயர் கார்லோ பெதெர்சோலி. 1950-இல் 100 மீட்டர் நீச்சலை ஒரு நிமிடத்துக்குள் முடித்த முதல் இத்தாலியர், இரண்டு ஒலிம்பிக் போட்டிகளில் நீந்தியவர். அவர் உச்சந்தலையில் முஷ்டியை இறக்குவதையும் உள்ளங்கையால் கன்னத்தில் விடுவதையும் பார்க்க ஐரோப்பா முழுவதும் கூட்டம் வந்தது. அடியாள் இனிச் சாக வேண்டியதில்லை. எழுந்து வந்து மறுபடி வாங்கலாம். லியோனியின் படத்தில் விழுந்தவரோடு கேமராவுக்கு வேலை முடிந்துவிடும். இங்கே அடிவாங்கியவரின் முழி பிதுங்குவதும், தள்ளாடி இரண்டடி நடந்து சாய்வதும்தான் நகைச்சுவை. அதற்கு நெருக்கமான ஷாட் வேண்டும். நேரக்கணக்குத் தெரிந்த நடிகர் வேண்டும். ரிக்கார்டோ பிட்ஸூட்டி, சால் போர்ஜேஸே போன்ற ஸ்டண்ட் ஆட்களை ஊரே முகத்தால் அடையாளம் கண்டுகொண்டது இந்தப் படங்களால்தான். வாயில் பெயர் நுழையாத ரசிகனும், இதோ அந்த ஆள் வந்துவிட்டான், இப்போது வாங்கப்போகிறான் என்று காத்திருந்தான். சண்டைக் கலைஞருக்கு ரசிகரின் எதிர்பார்ப்பு ஒன்று உருவானதை நான் பெரிய சாதனையாகவே பார்க்கிறேன்.

அதே பத்தாண்டில் நகரத்துப் போலீஸ் படங்கள் பெருகின. குதிரையின் இடத்தில் ஆல்ஃபா ரோமியோ கார். காஸ்டெல்லாரியின் ‘பெரிய மாமூல் கும்பல்’ (1976) படத்தில் ரவுடிகள் ஒரு காரைச் சரிவில் உருட்டிவிடுவார்கள். உள்ளே ஃபாபியோ டெஸ்டி. கேமராவும் காருக்குள் இருந்து அவரோடு சேர்ந்து சுழல்கிறது. கண்ணாடித் தூள்கள் முகத்துக்கு முன்னால் மிதந்து போகின்றன. ஸ்டண்ட் ஆளாக இருந்து நாயகன் ஆனவர் தன் பழைய வேலையையும் புது முகத்தையும் ஒரே ஷாட்டில் வைத்துக் காட்டிய இடம் அது. டூப் இருந்திருந்தால் அந்தக் கோணமே கிடைத்திருக்காது.

1976-ஆம் ஆண்டு வேறொரு வகையிலும் முக்கியமானது. உள்ளூர் அளவில் தனியார் தொலைக்காட்சி ஒளிபரப்பலாம் என்று இத்தாலிய அரசியல் சாசன நீதிமன்றம் அந்த ஆண்டு தீர்ப்பளித்தது. வீட்டிலேயே இரவும் பகலும் படம் ஓடத் தொடங்கியது. 1955-இல் அந்த நாட்டுத் திரையரங்குகள் 81.9 கோடி டிக்கெட் விற்றிருந்தன. 1976-இல் அது ஏறத்தாழ 45 கோடி. 1980-களின் நடுவில் 12, 13 கோடி. முதலில் மூடியவை சிற்றூர்களிலும் புறநகர்களிலும் இருந்த மலிவு விலைக் கொட்டகைகள். பலசாலிப் படமும் கௌபாய் படமும் போலீஸ் படமும் அவற்றை நம்பியே எடுக்கப்பட்டவை. கொட்டகை போனதும் அந்தப் படங்கள் போயின. ஆண்டு முழுவதும் அடுத்தடுத்து வேலை கிடைத்த ஸ்டண்ட் குழுக்களுக்கும் அதோடு வேலை சுருங்கியது. புப்போவை 1983-இல் வந்த ‘2019: நியூயார்க்கின் வீழ்ச்சிக்குப் பிறகு’ போன்ற எதிர்கால அழிவுப் படங்களில் துணை வேடத்தில் பார்க்கலாம். வயது ஐம்பது, அடி அதே அடி.

இந்தக் கடைசிக் கட்டத்தில்தான் இவர்களில் ஒருவரின் முகம் உலகம் முழுதும் பரவியது. லூச்சோ ஃபுல்ச்சியின் ‘ஸோம்பி 2’ (1979) படத்தில் பழைய கல்லறையின் மண்ணைப் பிளந்துகொண்டு ஒரு பிணம் எழும். கண்குழியில் புழுக்கள் நெளியும். ஒப்பனை ஜான்னெத்தோ தெ ரொஸ்ஸி. உள்ளே இருப்பவர் ஒட்டாவியானோ டெல்லாக்குவா. படத்தின் போஸ்டரே அந்த முகம்தான். வீடியோ கேசட் அட்டையிலும் சட்டையிலும் பொம்மையிலும் இன்றுவரை விற்கிறது. சர்க்கஸ் பிள்ளையின் முகம் களிமண்ணுக்கும் புழுவுக்கும் அடியில் இருந்து இத்தனை நாட்டுக்குப் போயிருக்கிறது. சான்ஃபிரீலியாவின் முகமூடியையும் இதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்காமல் என்னால் இருக்க முடிவதில்லை.

2007-இல் வெனிஸ் திரைப்பட விழா இத்தாலியக் கௌபாய் படங்களைத் திரட்டித் தனிப் பிரிவாகத் திரையிட்டது. க்வென்டின் டாரன்டினோ அதற்கு ஆதரவாக நின்றார். காஸ்டெல்லாரி, வலேரி போன்றவர்களின் பெயர் கௌரவத்தோடு திரும்பி வந்தது. டிஸ்க்குகளின் கூடுதல் பேட்டிகளில் ஸ்டண்ட் கலைஞர்களையும் தேடிப் பிடித்துப் பேசவைத்தார்கள். கூட்டத்தில் நிற்கும் அடியாட்களை உறைய வைத்து ஒவ்வொரு முகத்துக்கும் பெயர் எழுதுகிற ரசிகர்கள் இப்போது பல நாடுகளில் இருக்கிறார்கள். புனைபெயருக்குப் பின்னால் இருந்த உண்மைப் பெயர்கள் பெரும்பாலும் அவர்கள் உழைப்பால்தான் தெரியவந்தன. ஆய்வாளர்கள் அந்த வேலையைத் தங்களுடையதாக எடுத்துக்கொள்ள இன்னும் தயங்குகிறார்கள் என்பது என் வருத்தம். இயக்குநரைப் பற்றிய புத்தகம் நிறைய இருக்கிறது. கீழே விழுந்ததை ஒரு கலையாக வைத்து, யார் எப்படி விழுந்தார் என்று பிரித்துப் படித்த புத்தகத்தைத் தேடத்தான் வேண்டியிருக்கிறது.

ஸ்பெயினின் அல்மெரியா மாகாணத்தில், தபெர்னாஸ் பாலைவனத்தில், ‘இன்னும் சில டாலர்களுக்காக’ படத்துக்கென்று கார்லோ சிமி வடிவமைத்த எல் பாசோ ஊர் இப்போதும் நிற்கிறது. கௌபாய் படங்கள் குறைந்த பிறகு அங்கே வேலை செய்த உள்ளூர்த் துணை நடிகர்கள் சேர்ந்து அந்த செட்டை வாங்கிச் சுற்றுலாத் தலமாக்கினார்கள். அலெக்ஸ் தெ லா இக்லேசியா 2002-இல் எடுத்த ‘800 குண்டுகள்’ இப்படிப்பட்ட ஓர் ஊரில் சுற்றுலாப் பயணிகளுக்கு முன் விழுந்து எழும் முதிய ஸ்டண்ட் ஆட்களின் கதை. எல் பாசோவில் வங்கிக் கொள்ளைக் காட்சி நடக்கும். கதை சின்னது. கொள்ளைக்காரன் சுடுகிறான், ஷெரிஃப் சுடுகிறார், மாடி விளிம்பில் நிற்பவன் உருண்டு கீழே வருகிறான். அங்கே நெருக்கமான ஷாட் கிடையாது, நாயகனும் கிடையாது. டிக்கெட் வாங்கியவர்கள் பார்க்க வந்திருப்பது விழுகிறவரைத்தான். முடிந்ததும் அவர்கள் கைதட்டுவதும் அவருக்குத்தான்.